அயர்லாந்தின் பாட்டும் ஏடும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஐரிஷ் இலக்கியம் பற்றியும் நாட்டுப்பாடல் பற்றியும் எங்கே பேசினாலும் என்னிடம் வந்து சேரும் சந்தேகங்கள் ஏறக்குறைய ஒன்றுதான். ஆங்கில இலக்கிய மாணவர்கள் கேட்பது ஒரு வகை. யூடியூபில் ஏதோ ஒரு பாட்டைக் கேட்டு மனதைப் பறிகொடுத்தவர்கள் கேட்பது இன்னொரு வகை. இரண்டையும் சேர்த்து, கேட்டவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளை வைத்து, எனக்குத் தெரிந்த பதில்களை எழுதியிருக்கிறேன். எளியவை முன்னால், சிக்கலானவை பின்னால் வரும். பெயர்களைக் கூடியவரை ஐரிஷ் உச்சரிப்பை ஒட்டியே எழுதியிருக்கிறேன்.

ஐரிஷ் இலக்கியம்னா இங்கிலீஷ் இலக்கியத்துல ஒரு பகுதிதானே?

கல்லூரிப் பாடத்திட்டத்தைப் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். யேட்ஸ், பெர்னார்ட் ஷா, ஜாய்ஸ், பெக்கெட், ஷேமஸ் ஹீனி என்று அடுக்கிவிட்டு முடித்துவிடுவார்கள். இவர்களில் ஜாய்ஸ் தவிர மற்ற நால்வரும் நோபல் பரிசு வாங்கியவர்கள் (1923, 1925, 1969, 1995). பெரிய எழுத்தாளர்கள் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை.

ஆனால் இவர்களுக்கு முன்னால் ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக அந்தத் தீவில் இலக்கியம் ஐரிஷ் மொழியில்தான் இருந்தது. வீரகாவியங்கள், சட்ட நூல்கள், அரச வம்சாவளிகள், இயற்கைக் கவிதைகள், காதல் பாடல்கள், ஒப்பாரிகள் எல்லாம் அந்த மொழியில் இருக்கின்றன. ஆங்கிலத்தில் எழுதிய ஐரிஷ்காரர்களில் பெரும்பாலோர் அந்த ஊற்றிலிருந்து ஏதோ ஒரு வகையில் மொண்டுகொண்டவர்களே. இந்தப் பக்கம் முழுக்க நான் சொல்ல வருவது ஒன்றுதான்: அயர்லாந்தில் பாட்டையும் படிப்பையும் தனித்தனியே பிரித்துப் பார்த்தால் இரண்டுமே பாதிதான் புரியும்.

ஐரிஷ்னு ஒரு மொழி இன்னும் இருக்கா? யாராவது பேசுறாங்களா?

இருக்கிறது. அது கெல்டிக் மொழிக் குடும்பத்தைச் சேர்ந்தது. ஸ்காட்லாந்தின் கேலிக் அதற்கு உடன்பிறப்பு. வேல்ஸ் நாட்டின் வெல்ஷ் சற்றுத் தூரத்து உறவு. 1937 அரசியலமைப்புச் சட்டப்படி ஐரிஷ்தான் அயர்லாந்தின் முதல் ஆட்சிமொழி. 2007 முதல் ஐரோப்பிய ஒன்றியத்தின் அலுவல் மொழிகளில் ஒன்றாகவும் இருக்கிறது.

நடைமுறை வேறு. 2022 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சுமார் 18.7 லட்சம் பேர் தங்களுக்கு ஐரிஷ் பேசத் தெரியும் என்று சொன்னார்கள். ஆனால் பள்ளிக்கு வெளியே தினமும் பேசுபவர்கள் சுமார் 72,000 பேர்தான். டோனகால், கன்னமாரா, கெர்ரி போன்ற மேற்குக் கடற்கரைப் பகுதிகளில்தான் அது இன்னும் வீட்டுமொழி. அந்தப் பகுதிகளுக்குக் கேல்டக்ட் என்று பெயர். நாட்டுப்பாடல்களில் மிகச் சிறந்தவை அங்கிருந்துதான் வந்தன.

எழுத்து எவ்வளவு பழசு? மிகப் பழைய கவிதைன்னு எதைச் சொல்லலாம்?

கல்லின் விளிம்பில் கோடு கோடாகக் கீறும் ஓகம் என்ற எழுத்துமுறைதான் முதலில் வந்தது. சுமார் 4ஆம் நூற்றாண்டிலிருந்து அதில் வெட்டிய கற்கள் கிடைக்கின்றன. பெரும்பாலும் இன்னாருடைய மகன் இன்னார் என்ற அளவோடு நிற்பவை. கிறிஸ்தவ மடங்களோடு லத்தீன் எழுத்து வந்த பிறகுதான் இலக்கியம் ஏட்டில் ஏறியது.

எனக்கு மிகவும் பிடித்தவை ஏடுகளின் ஓரங்களில் துறவிகள் எழுதிவைத்தவை. சுவிட்சர்லாந்தில் செயின்ட் கால் மடத்தில் 9ஆம் நூற்றாண்டு லத்தீன் இலக்கண ஏடு ஒன்று இருக்கிறது. அதன் ஓரத்தில் நான்கு வரி: இன்றிரவு காற்று மூர்க்கமாக வீசுகிறது, கடலின் வெள்ளைக் கூந்தலைக் கலைக்கிறது, ஆகவே வடக்கிலிருந்து வரும் கொள்ளையர் கடல் தாண்டி வருவார்கள் என்ற பயம் எனக்கு இல்லை. வைக்கிங்குகளின் தாக்குதல் காலத்தில், புயல் அடிக்கும் இரவில் மட்டும் நிம்மதியாகத் தூங்கிய ஒருவர் எழுதியது. அதே நூற்றாண்டில் இன்னொரு துறவி பாங்கர் பான் என்ற தன் வெள்ளைப் பூனையைப் பற்றி எட்டுச் செய்யுள் எழுதினார். பூனை சுவரோரம் எலிக்குக் காத்திருக்கிறது, நான் கடினமான ஒரு பொருளுக்குக் காத்திருக்கிறேன், ஒருவருக்கொருவர் தொந்தரவு இல்லை, அவரவர் வேட்டை அவரவருக்கு என்கிறார். அந்த ஏடு இப்போது ஆஸ்திரியாவில் இருக்கிறது.

ஐரிஷ் ஏடுகள் சுவிட்சர்லாந்துக்கும் ஆஸ்திரியாவுக்கும் எப்படிப் போச்சு?

துறவிகளோடு போயின. 6ஆம் நூற்றாண்டிலிருந்தே ஐரிஷ் துறவிகள் ஊரைவிட்டுப் போவதையே ஒரு தவமாக நினைத்தார்கள். கொலும்பனஸ் பிரான்சில் மடங்கள் நிறுவி, கடைசியில் இத்தாலியில் போபியோ மடத்தை நிறுவினார். அவருடைய தோழர் கால் பெயரில்தான் செயின்ட் கால் எழுந்தது. 9ஆம் நூற்றாண்டில் எரியுஜெனா என்ற ஐரிஷ் சிந்தனையாளர் பிரான்ஸ் அரசன் சார்லஸின் அவையில் இருந்தார். மேற்கு ஐரோப்பாவில் கிரேக்கம் தெரிந்தவர்கள் அரிதாக இருந்த காலத்தில் கிரேக்க நூல்களை லத்தீனில் மொழிபெயர்த்தவர் அவர்.

ஒரு விஷயத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். 697இல் அயோனா மடத்தின் தலைவர் அடம்னான் ஒரு சட்டம் கொண்டுவந்தார். போரில் பெண்கள், குழந்தைகள், துறவிகள் ஆகியோரைக் கொல்லக் கூடாது என்று அயர்லாந்து அரசர்கள் பலரைக் கையொப்பமிட வைத்தார். அறிவு மரபு என்று பேசும்போது இதையும் சேர்த்துத்தான் பேச வேண்டும்.

புலவர்கள் இருட்டறையில படுத்துக்கிட்டு கவிதை கட்டினாங்கன்னு படிச்சேன். நிஜமா?

நிஜம்தான். 1722இல் அச்சான கிளான்ரிகார்ட் பிரபுவின் நினைவுக் குறிப்புகளில் அதன் விவரம் வருகிறது. ஜன்னல் இல்லாத குடிசை, ஆளுக்கொரு படுக்கை. மாலையில் ஆசிரியர் பொருளும் யாப்பும் கொடுப்பார். மாணவர்கள் மறுநாள் முழுக்க இருட்டில் படுத்தபடியே மனதுக்குள் செய்யுளைக் கட்டுவார்கள். இரவில் விளக்கு வந்த பிறகுதான் எழுதுவார்கள். செப்டம்பர் இறுதியிலிருந்து மார்ச் வரை, ஆண்டுக்கணக்கில் இப்படி நடக்கும். அசை எண்ணிக்கை, எதுகை, மோனை எல்லாம் கறாராக இருக்க வேண்டிய யாப்பு அது. கண்ணை மூடிக் காதால் கட்டினால்தான் பிசகாது என்று நினைத்திருக்க வேண்டும்.

அதற்கும் முந்தைய காலத்தில் ஓலவ் என்ற தலைமைப் புலவர் பட்டம் பெற 250 முதன்மைக் கதைகளும் 100 துணைக் கதைகளும் தெரிந்திருக்க வேண்டும் என்று 12ஆம் நூற்றாண்டு ஏடு ஒன்று சொல்கிறது. பாட்டைப் புலவரே அவையில் பாட மாட்டார். அதற்கென்று ஒருவர் இருப்பார்; பக்கத்தில் யாழ் மீட்டுபவரும் இருப்பார். பாட்டும் படிப்பும் ஒன்றாக இருந்தது என்று முதல் பதிலில் சொன்னேனே, அதற்கு இதைவிட நேரடியான சான்று வேண்டியதில்லை.

அவ்வளவு பெரிய மரபு எப்படி அழிஞ்சது?

புரவலர்கள் போனார்கள், அவர்களோடு புலவர்களின் சோறும் போனது. 1601இல் கின்சேல் போரில் ஐரிஷ் பிரபுக்கள் இங்கிலாந்திடம் தோற்றார்கள். 1607இல் வடபகுதித் தலைவர்கள் டோனகாலிலிருந்து கப்பலேறி ஐரோப்பாவுக்குப் போய்விட்டார்கள். எல்லாம் மறைந்துவிடுமோ என்ற பதைப்பில்தான் மீஹால் ஓ கிளேரி என்ற பிரான்சிஸ்கன் சகோதரரும் அவருடைய கூட்டாளிகளும் ஊர் ஊராகப் பழைய ஏடுகளைத் தேடிப் படியெடுத்து, 1632 முதல் 1636 வரை உட்கார்ந்து அயர்லாந்தின் வரலாற்றை ஆண்டுவாரியாகத் தொகுத்தார்கள். 'நான்கு ஆசான்களின் ஆண்டேடு' என்று அதைச் சொல்வார்கள்.

கவிதை அழியவில்லை, தெருவுக்கு வந்தது. அரசவைப் புலவர் இருந்த இடத்தில் கூலி வேலை செய்யும் கவிஞர் வந்தார். ஓவன் ருவா ஓ சுலவான் (1748-1784) வயலில் மண்வெட்டி பிடித்தவர், திண்ணைப் பள்ளி நடத்தியவர், பிரிட்டிஷ் கடற்படையில் இருந்தவர். கறாரான யாப்பு தளர்ந்து, ஊரில் புழங்கிய மெட்டுகளுக்கே கவிதை எழுதினார்கள். அதனால்தான் அவை எழுத்தறியாதவர்கள் வாயிலும் நின்றன.

மொழிக்கு விழுந்த பெரிய அடி 19ஆம் நூற்றாண்டில். 1831இல் தொடங்கிய அரசுப் பள்ளிகள் ஆங்கில வழியில் நடந்தன. பிள்ளையின் கழுத்தில் ஒரு குச்சியைக் கட்டி, ஐரிஷ் பேசும் ஒவ்வொரு முறையும் அதில் ஒரு வெட்டு போட்டு, கடைசியில் எண்ணி அடிக்கும் வழக்கம் இருந்தது. பிழைக்க ஆங்கிலம் வேண்டும் என்று பெற்றோரே அதற்கு உடன்பட்டார்கள். 1845இல் உருளைக்கிழங்குப் பயிரில் நோய் விழுந்து தொடங்கிய பெரும்பஞ்சத்தில் சுமார் 10 லட்சம் பேர் செத்தார்கள். இன்னும் 10 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் நாட்டை விட்டுப் போனார்கள். அதிகம் அடிபட்டது ஐரிஷ் பேசிய ஏழை மேற்குதான்.

ஐரிஷ் நாட்டுப்பாட்டுன்னா பப்புல கிட்டார், பேஞ்சோ வச்சு கும்பலா பாடுறதுதானே?

அது 1960களில் உலகம் முழுக்கப் பரவிய ஒரு வடிவம். நன்றாகத்தான் இருக்கும். ஆனால் வேர் அங்கே இல்லை. பழைய முறைக்கு ஷான் நோஸ் என்று பெயர். ஒருவர் மட்டும் பாடுவார். எந்த வாத்தியமும் கிடையாது. தாளம் கட்டிப் பாடுவதில்லை. வரியின் பேச்சோசையே காலத்தைத் தீர்மானிக்கும். ஒரே மெட்டு ஒவ்வொரு அடியிலும் கொஞ்சம் கொஞ்சம் மாறும். எந்த அசையில் கமகம் கொடுப்பது, எங்கே நிறுத்துவது என்பது பாடுபவரின் கையில். குரலை உயர்த்தி அழுத்திக் காட்டும் நாடகத்தனத்துக்கு இடமே இல்லை.

பாடுபவர் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொள்வதும், பக்கத்தில் இருப்பவர் அவர் கையைப் பிடித்துப் பாட்டோடு மெல்லச் சுழற்றுவதும் உண்டு. நடுவில் யாராவது 'கடவுள் உன்னோடு' என்று ஐரிஷில் குரல் கொடுப்பார்கள். கடைசி வரியைச் சிலர் பாடாமல் பேச்சாகவே சொல்லி முடிப்பார்கள். ஜோ ஹீனி (1919-1984) கன்னமாராவின் கார்னா பகுதியிலிருந்து வந்த பாடகர். கவிஞர் ஷேமஸ் ஹீனி வேறு. ஜோ பாடுவதைக் கேட்டால் நான் சொல்வது விளங்கும். கடைசி ஆண்டுகளில் அமெரிக்காவின் சியாட்டிலில் பல்கலைக்கழகத்தில் இதையே கற்றுக்கொடுத்தார்.

மொழி புரியாம அதைக் கேட்டு என்ன பண்றது? ஒரு பாட்டைச் சொல்லுங்க, அதுல ஆரம்பிக்கிறேன்.

'டோனல் ஓக்' கேளுங்கள். கைவிடப்பட்ட ஒரு பெண் பாடுவது. யார் கட்டியது என்று தெரியாது. அவன் அவளிடம் என்னென்னவோ சொல்லியிருக்கிறான்: மீன் தோலில் கையுறை, பறவைத் தோலில் காலணி, வெள்ளிப் பாய்மரக் கப்பல். நடக்காத காரியங்கள் என்று கேட்கும் நமக்கே தெரிகிறது. அவள் நம்பியிருக்கிறாள். கடைசியில் அவள் கணக்குச் சொல்கிறாள்: கிழக்கை என்னிடமிருந்து எடுத்துக்கொண்டாய், மேற்கை எடுத்துக்கொண்டாய், எனக்கு முன்னால் இருந்ததையும் பின்னால் இருந்ததையும் எடுத்துக்கொண்டாய், நிலவை எடுத்தாய், சூரியனை எடுத்தாய், கடவுளையும் எடுத்துக்கொண்டாயோ என்று பயமாக இருக்கிறது. பொருளை ஒருமுறை படித்துவிட்டு, பிறகு கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள்.

இரண்டாவதாக 'அனக் குவன்'. 1828 செப்டம்பரில் அனக்டவுன் ஊரிலிருந்து கால்வே சந்தைக்கு ஆட்களும் ஆடுகளும் ஏறிப்போன பழைய படகு கோரிப் ஏரியில் மூழ்கியது. ஒரு ஆடு குளம்பால் பலகையை உடைத்ததென்றும், ஒருவர் தன் மேலங்கியைச் சுருட்டி ஓட்டையில் வைத்துக் காலால் அழுத்தியதில் பலகையே பெயர்ந்துவிட்டதென்றும் ஊரார் சொல்வார்கள். பார்வையற்ற கவிஞர் ராஃப்ட்டரி அதைப் பாடினார். பதினொரு ஆண், எட்டுப் பெண் என்று எண்ணிச் சொல்கிறார். செய்தித்தாள் படிக்க முடியாத மக்களுக்கு அந்தப் பாட்டுதான் செய்தி, அதுதான் நினைவுக்கல்.

'டேனி பாய்' ஐரிஷ் நாட்டுப்பாட்டா, இல்லையா?

மெட்டு ஐரிஷ். வட அயர்லாந்தின் லிமாவாடியில் ஜேன் ராஸ் என்ற பெண்மணி எழுதியனுப்பிய மெட்டை ஜார்ஜ் பெட்ரி 1855இல் அச்சிட்டார். சொற்கள் ஃபிரெடரிக் வெதர்லி என்ற ஆங்கிலேய வழக்கறிஞர் எழுதியவை. 1913இல் பாட்டாக வெளிவந்தது. புலம்பெயர்ந்த ஐரிஷ் மக்கள் அதைத் தங்கள் பாட்டாக எடுத்துக்கொண்டார்கள். அவர்கள் கண்ணீரை நான் கேள்வி கேட்க மாட்டேன். ஆனால் ஐரிஷ் பாடல் மரபுக்கு அதை உதாரணமாகக் காட்டவும் மாட்டேன்.

ஐரிஷ் ஒப்பாரி பத்திக் கேள்விப்பட்டேன். கூலிக்கு ஒப்பாரி வைக்கிறவங்க அங்கேயும் இருந்தாங்களா?

இருந்தார்கள். சாவு வீட்டில் பிணத்தைச் சுற்றி நின்று, இறந்தவரின் குலம், கொடை, அழகு எல்லாம் சொல்லி, கட்டிக் கட்டிப் பாடும் பெண்கள். பணமோ சாராயமோ கொடுத்து அழைப்பார்கள். கத்தோலிக்கத் திருச்சபை பல நூற்றாண்டுகள் இதைக் கண்டித்துப் பார்த்தது. 19ஆம் நூற்றாண்டு வரை ஒழிக்க முடியவில்லை.

அதன் உச்சம் 'ஆர்ட் ஓ லீரியின் ஒப்பாரி'. ஆஸ்திரியப் படையில் அதிகாரியாக இருந்து ஊர் திரும்பியவர் ஆர்ட். அன்றைய சட்டப்படி ஒரு கத்தோலிக்கர் ஐந்து பவுண்டுக்கு மேல் மதிப்புள்ள குதிரையை வைத்துக்கொள்ள முடியாது. ஒரு புராட்டஸ்டன்ட் ஐந்து பவுண்டு நீட்டினால் விற்றாக வேண்டும். உள்ளூர் அதிகாரி மாரிஸ் கேட்டார், ஆர்ட் மறுத்தார். 1773 மே மாதம் கார்க் மாவட்டத்தில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். ஆளில்லாத குதிரை, கடிவாளம் தரையில் இழுபட, சேணம்வரை ரத்தத்தோடு வீடு வந்தது. மனைவி அய்லீன் டூவ் நி கொனல் மூன்று தாவலில் போனேன் என்கிறார்: முதல் தாவல் வாசற்படிக்கு, இரண்டாவது வெளிக்கதவுக்கு, மூன்றாவது உன் குதிரைமேல். போய்ப் பார்த்தால் ஒரு புதரோரம் அவர் கிடக்கிறார். பாதிரியார் இல்லை, யாரோ ஒரு கிழவி தன் போர்வை முனையால் மூடியிருக்கிறாள். ரத்தத்தைத் துடைக்க நான் நிற்கவில்லை, உள்ளங்கையில் ஏந்திக் குடித்தேன் என்கிறார்.

எனக்கு அதைவிட மனதில் நிற்பது வேறொரு இடம். ஆர்ட்டின் சகோதரி நடுவில் புகுந்து, பிணம் கிடக்கும் இரவில் நீ படுக்கப் போனாயே என்று குத்திக்காட்டுகிறாள். நான் தூங்கப் போகவில்லை, உன் அண்ணன் பிள்ளைகள் அழுதன, அவர்களைத் தூங்கவைக்கப் போனேன் என்று அய்லீன் பாட்டிலேயே பதில் சொல்கிறார். இரண்டு வீட்டுக்கும் இருந்த மனத்தாங்கல் அப்படியே பாட்டில் உட்கார்ந்திருக்கிறது.

அந்த ஒப்பாரியை அய்லீனே கட்டினாங்கன்னு எப்படி நம்புறது? எழுதி வைக்கலையே?

நியாயமான கேள்வி. அது பல்லாண்டு வாய்மொழியாகவே இருந்தது. 19ஆம் நூற்றாண்டில் நோரா நி ஹீந்திலி என்ற ஒப்பாரிப் பெண் பாடக் கேட்டு எழுதியதே முக்கியமான பாடம். அய்லீன் பாடியது எவ்வளவு, பிறகு பாடியவர்கள் சேர்த்தது எவ்வளவு என்று ஆய்வாளர்கள் இன்னும் வாதிடுகிறார்கள். 'என் உறுதியான அன்பே' போன்ற தொடக்கங்கள் எல்லா ஒப்பாரிக்கும் பொதுவான வாய்பாடுகள்.

என் கருத்து: ஒரு ஆசிரியர், ஒரு மூலம் என்ற அளவுகோலே இங்கே பொருந்தாது. முதல் துக்கம் அய்லீனுடையது. அதைக் காப்பாற்றிக் கொடுத்தவர் நோரா. இரண்டு பெயரையும் சேர்த்தே சொல்ல வேண்டும். புத்தகங்கள் பல முதல் பெயரோடு நின்றுவிடுவது எனக்கு உறுத்தலாகவே இருக்கிறது. அயர்லாந்தில் இன்றும் இந்தப் பாட்டு எழுத்தாளர்களை விடவில்லை. டோரன் நி கிரீஃபா 2020இல் அய்லீனின் வாழ்க்கையைத் தேடிப் போய் ஒரு முழு நூலே எழுதினார்.

எல்லாமே சாவும் கண்ணீருமாவா இருக்கும்? சிரிப்பே கிடையாதா?

பிரையன் மெரிமன் எழுதிய 'நள்ளிரவு நீதிமன்றம்' படியுங்கள். 1780 வாக்கில் கிளேர் மாவட்டத்தில் எழுதப்பட்டது. ஆயிரம் வரிக்கும் மேல். மெரிமன் கணக்கு வாத்தியார், விவசாயமும் செய்தவர். தேவதை அரசி ஈவுலின் அவையில் அயர்லாந்துப் பெண்கள் ஆண்கள்மீது வழக்குத் தொடுக்கிறார்கள்: காலத்தில் கல்யாணம் செய்வதில்லை, செய்தாலும் கிழவர்கள் வந்து சேர்கிறார்கள். பச்சையாக, வாய்விட்டுச் சிரிக்கும்படி இருக்கும். 1940களில் ஃபிராங்க் ஓ கானர் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பை அயர்லாந்து அரசு தடைசெய்தது. ஐரிஷ் மூலத்தை யாரும் தொடவில்லை.

இருபதாம் நூற்றாண்டில் மார்ட்டீன் ஓ கைன் எழுதிய நாவல் 'க்ரே நா கில்ய' (1949). பாத்திரங்கள் அத்தனை பேரும் கல்லறைக்குள் கிடக்கும் பிணங்கள். செத்தபிறகும் பக்கத்துக் குழிக்காரரோடு பழைய சண்டை, புறணி, பொறாமை. புதிதாக ஒரு பிணம் வந்தால் மேலே என்ன செய்தி என்று மொய்த்துக்கொள்கிறார்கள். முழுக்க முழுக்கப் பேச்சு மட்டுமே. ஐரிஷ் உரைநடையின் சிகரம் இது என்பது பலர் ஏற்ற தீர்ப்பு. நானும் அந்தக் கட்சி. இப்படிப்பட்ட நூல் ஆங்கிலத்தில் அச்சாக 2015 வரை ஆனது.

இந்தப் பாட்டையெல்லாம் யார் சேகரிச்சது?

மூன்று கட்டமாகச் சொல்லலாம். முதலில் 1792 ஜூலை, பெல்ஃபாஸ்ட் நகரம். யாழ் மரபு அழியும் நிலையில் இருந்ததால் மிஞ்சியிருந்த கலைஞர்களை ஒரு விழாவுக்கு அழைத்தார்கள். பத்து ஐரிஷ் கலைஞர்கள் வந்தார்கள். பாதிக்கு மேல் பார்வையற்றவர்கள். தொண்ணூறு தாண்டிய டெனிஸ் ஹெம்ப்சன் மட்டும் உலோகத் தந்தியை நீண்ட நகத்தால் மீட்டும் பழைய முறையில் வாசித்தார். பத்தொன்பது வயது எட்வர்ட் பண்டிங் உட்கார்ந்து மெட்டுகளைக் குறித்துக்கொண்டார். வாழ்நாள் முழுக்க அதே வேலையாக 1796, 1809, 1840 என மூன்று தொகுப்புகள் வெளியிட்டார். அவரிடம் எனக்கு ஒரு குறை உண்டு. பாட்டின் ஐரிஷ் சொற்களைச் சேகரிக்க 1802இல் பேட்ரிக் லிஞ்ச் என்பவரை மேற்கே அனுப்பினார்கள். அவரும் நிறையக் கொண்டுவந்தார். ஆனால் புத்தகத்தில் மெட்டு வந்தது, அந்தச் சொற்கள் வரவில்லை. ஆங்கில வரிகள் ஏறிக்கொண்டன. வரவேற்பறைப் பியானோவில் வாசிக்கத் தோதாக மெட்டையும் மாற்றினார்.

இரண்டாவது, அமெரிக்கா. கார்க் மாவட்டத்தில் பிறந்து கப்பலேறிப் போன ஃபிரான்சிஸ் ஓ நீல் சிகாகோ காவல்துறைத் தலைவரானார் (1901-1905). குடியேறியவர்கள் கொண்டுவந்த மெட்டுகளைக் கேட்டுக் கேட்டு, 1903இல் 1,850 மெட்டுகள் கொண்ட தொகுப்பை வெளியிட்டார். அவருக்கு இசைக்குறிப்பு எழுதத் தெரியாது. எழுதிக்கொடுத்தவர் அதே துறையில் இருந்த ஜேம்ஸ் ஓ நீல்.

மூன்றாவதுதான் என்னை மலைக்க வைப்பது. 1935இல் அரசு நாட்டாரியல் ஆணையம் ஒன்றை அமைத்தது. சேகரிப்பாளர்கள் மெழுகு உருளையில் ஒலிப்பதிவு செய்யும் எடிஃபோன் கருவியோடு கிராமம் கிராமமாகப் போனார்கள். பணப் பற்றாக்குறையால், எழுதி எடுத்ததும் உருளையைச் சீவி மறுபடி பயன்படுத்தினார்கள். சொல் தாளில் தங்கியது, குரல் போய்விட்டது. 1937 முதல் 1939 வரை ஆரம்பப் பள்ளிப் பிள்ளைகளையே களத்தில் இறக்கினார்கள். சுமார் 5,000 பள்ளிகள். பிள்ளைகள் கட்டுரை நோட்டில் வழக்கமான தலைப்புகளை விட்டுவிட்டு, வீட்டுப் பெரியவர்களிடம் கேட்ட கதை, வைத்தியம், பாட்டு, புதையல், பஞ்ச நினைவு எல்லாவற்றையும் எழுதினார்கள். மொத்தம் சுமார் 7,40,000 பக்கங்கள். 'டூகஸ்' என்ற இணையதளத்தில் அந்தப் பிள்ளைகளின் கையெழுத்தையே இன்று பார்க்கலாம். ஆணையத்தின் தொகுப்பை 2017இல் யுனெஸ்கோ உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது.

பெக் சேயர்ஸ் பெரிய கதைசொல்லின்னு சொல்றாங்க. ஆனா அயர்லாந்துக்காரங்களே அவங்க புத்தகம்னா அலறுறாங்களே?

பள்ளியில் கட்டாயப் பாடமாக வைத்ததன் விளைவு அது. பெக் (1873-1958) கெர்ரி கடலோரத்தின் பிளாஸ்கெட் தீவில் வாழ்ந்தவர். ஐரிஷில் எழுதத் தெரியாது. சொல்லச் சொல்ல மகன் எழுதியதுதான் 1936இல் வந்த தன்வரலாறு. வறுமை, சாவு, கடவுள் சித்தம் என்று போகும் அந்தப் புத்தகத்தைப் பரீட்சைக்காக மனப்பாடம் செய்த தலைமுறைகள் பெக்கையே வெறுத்துவிட்டன.

நேரில் கேட்டவர்கள் சொல்லும் பெக் வேறு ஆள்: குறும்பு, பச்சைப் பேச்சு, நடிப்பு எல்லாம் உண்டு. அவரிடமிருந்து ஆணையத்துக்குக் கிடைத்த கதைகளே நூற்றுக்கணக்கில் இருக்கின்றன. தீவை அறிய முதலில் தொமாஸ் ஓ க்ரிஹன் எழுதிய 'தீவுக்காரன்' (1929) படியுங்கள். மீனவர், நாற்பதுக்குப் பிறகுதான் ஐரிஷ் எழுதக் கற்றவர். எங்களைப் போன்றவர்கள் இனி இருக்க மாட்டார்கள் என்று எழுதினார். 1953இல் தீவில் மிஞ்சியவர்களை அரசு கரைக்குக் கொண்டுவந்து குடியேற்றியது.

யேட்ஸ், ஜாய்ஸ் படிக்க இதெல்லாம் தெரிஞ்சிருக்கணுமா?

தெரியாமலும் படிக்கலாம். தெரிந்தால் வேறு மாதிரிப் படிப்பீர்கள். யேட்ஸின் 'சாலி கார்டன்ஸ்' கவிதை 1889இல் வந்தபோது அதன் தலைப்பே 'மீண்டும் பாடிய ஒரு பழைய பாட்டு'. ஸ்லைகோ பக்கம் பாலிசடேர் என்ற ஊரில் ஒரு குடியானவக் கிழவி அரைகுறை ஞாபகத்தில் முனகிய மூன்று வரியிலிருந்து கட்டியது என்று அவரே குறிப்பு எழுதியிருக்கிறார்.

ஜாய்ஸின் 'இறந்தவர்கள்' கதையில் மாடிப்படியில் நின்று கிரெட்டா கேட்கும் பாட்டு 'ஆக்ரிம் பெண்'. கைக்குழந்தையோடு மழையில் நனைந்தபடி பிரபுவின் வாசலில் நிற்கும் ஏழைப் பெண்ணின் பாட்டு அது. தனக்காக மழையில் நின்று நோயில் விழுந்து செத்துப்போன பையனை அவள் ஏன் நினைத்துக்கொள்கிறாள் என்பது அந்தப் பாட்டு தெரிந்தவருக்குச் சட்டென்று விளங்கும். ஜாய்ஸின் கடைசி நாவலான 'ஃபினெகன்ஸ் வேக்' என்பதன் தலைப்பும் ஒரு தெருப்பாட்டிலிருந்து எடுத்ததுதான்: ஏணியிலிருந்து விழுந்து செத்ததாக நினைத்த, செங்கல் சுமக்கும் கூலிக்காரர், சாராயம் மேலே பட்டதும் எழுந்து உட்காருவார். கவிஞர் பேட்ரிக் கவனாவின் 'ராக்லன் ரோடு' ஒரு பழைய ஐரிஷ் மெட்டுக்கு எழுதியது. லூக் கெல்லி குரலில் கேளுங்கள்.

ஸ்விஃப்ட், பெர்க்லி, எட்மண்ட் பர்க்... இவங்க ஐரிஷா, ஆங்கிலேயரா?

ஸ்விஃப்ட் எழுத்தாளர், பெர்க்லி தத்துவவாதி, பர்க் அரசியல் சிந்தனையாளர். மூவரும் அயர்லாந்தில் பிறந்தவர்கள். ஆங்கிலத்தில் எழுதிய, ஆளும் தரப்பின் புராட்டஸ்டன்ட் உலகத்தைச் சேர்ந்தவர்கள் (பர்க்கின் தாயார் கத்தோலிக்கர்). தத்துவம், அரசியல் சிந்தனை, அறிவியல் என்று அந்த உலகம் தந்தது அதிகம். டப்ளினின் கணித அறிஞர் ஹாமில்டன் 1843 அக்டோபர் 16 அன்று கால்வாய் ஓரம் நடந்துபோகும்போது கணிதச் சூத்திரம் ஒன்று உதிக்க, பாலத்துக் கல்லிலேயே கீறிவைத்தார். அந்தக் கணிதம் இன்று கணினி வரைகலையில் புழங்குகிறது.

இவர்களை மரபுக்கு வெளியே தள்ளுவதை நான் ஏற்பதில்லை. சுவர் அவ்வளவு கெட்டியாகவும் இல்லை. பார்வையற்ற யாழ்க் கலைஞர் கரோலன் (1670-1738) இசையமைத்த ஐரிஷ் விருந்துப் பாட்டு ஒன்றை ஆங்கிலத்தில் கொண்டுவந்தவர் ஸ்விஃப்ட். ஆனால் ஐரிஷ் மொழிக் கவிஞர்களைச் சொல்லாமல் இவர்களை மட்டும் அயர்லாந்தின் அறிவு மரபு என்று காட்டினால், அது பாதிக் கதை.

நம்ம ஊருக்கும் அந்த ஊருக்கும் இந்த விஷயத்துல ஏதாவது தொடர்பு உண்டா?

உண்டு, உறுதியாகச் சொல்லக்கூடியவை சில. திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை 1856இல் வெளியிட்ட கால்டுவெல் அயர்லாந்தின் ஆன்ட்ரிம் மாவட்டத்தில், ஸ்காட்டியப் பெற்றோருக்குப் பிறந்தவர். அதற்கு மூன்றே ஆண்டு முன்னால், 1853இல்தான் ஜெர்மானிய அறிஞர் சொய்ஸ் கெல்டிக் மொழிகளின் இலக்கணத்தை வெளியிட்டார். மேலே சொன்ன ஏட்டோரக் குறிப்புகளை வைத்துத்தான் அவர் பழைய ஐரிஷை ஆராய்ந்தார். அந்தத் துறையில் அடுத்த தலைமுறைப் பெரியவரான விட்லி ஸ்டோக்ஸ் 1862இல் சென்னைக்கு வக்கீலாக வந்தவர். பிறகு கல்கத்தாவில் அரசின் சட்டப் பணியில் இருந்துகொண்டே பழைய ஐரிஷ் நூல்களைப் பதிப்பித்தார்.

கவிஞர் ஜேம்ஸ் கசின்ஸ் ஐரிஷ் நாடக இயக்கத்தின் தொடக்கத்தில் இருந்தவர்; 1904இல் ஜாய்ஸ் சில நாள் தங்கியது அவர் வீட்டில். 1915இல் சென்னைக்கு வந்து அன்னி பெசன்ட்டின் 'நியூ இந்தியா' பத்திரிகையில் சேர்ந்தார். பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிரான 1916 டப்ளின் எழுச்சியைப் பாராட்டி எழுதியதால் வேலை போய், மதனப்பள்ளிக் கல்லூரிக்குப் போனார். அவர் மனைவி மார்கரெட் இசைப் பட்டதாரி. 1919இல் தாகூர் மதனப்பள்ளி வந்தபோது 'ஜன கண மன' மெட்டுக்கு இசைக்குறிப்பு எழுதியவர் அவரே. அடையாறில் இந்திய மாதர் சங்கத்தை நிறுவியவர்களிலும் ஒருவர்.

சரி, ஒரு வரிசை சொல்லுங்க. எதைக் கேட்டு, எதைப் படிச்சுத் தொடங்கறது?

ஜாய்ஸில் தொடங்காதீர்கள். முதல் வாரம் படிக்கவே வேண்டாம். ஜோ ஹீனியின் பதிவுகளைக் கேளுங்கள். இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன, பல பாட்டுகளுக்கு ஆங்கிலப் பொருளும் இருக்கிறது. பிறகு ஆர்ட் ஓ லீரியின் ஒப்பாரி. பல ஆங்கில மொழிபெயர்ப்புகள் உண்டு, இரண்டை எடுத்து ஒப்பிட்டுப் படியுங்கள். அடுத்து 'தீவுக்காரன்', அதன்பின் ஜாய்ஸின் 'டப்ளினர்ஸ்' கதைகள். வீரகாவியம் வேண்டுபவர்கள் ஒரு காளைமாட்டுக்காக இரண்டு நாடுகள் மோதிய 'டாயின்' கதையை தாமஸ் கின்செல்லாவின் மொழிபெயர்ப்பில் (1969) படிக்கலாம். இன்றைய ஐரிஷ் கவிதைக்கு நூலா நி கோனல்.

ஐரிஷ் மொழி காதில் விழுந்துகொண்டே இருக்க வேண்டுமென்றால், 1972 முதல் நடக்கும் ராடியோ நா கேல்டக்ட் வானொலியை இணையத்தில் போட்டுவிட்டு வேலையைப் பாருங்கள். நடுநடுவே ஷான் நோஸ் பாட்டு வரும்.